அமீர் நாதெரி தோண்டிய மூன்று குழிகள்

ஈரான் சினிமா பற்றிப் பேச்சு வந்தால் அமீர் நாதெரியை ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள்: “தி ரன்னர் எடுத்தவர், அப்புறம் அமெரிக்கா போய்விட்டார்.” அந்தப் ‘போய்விட்டார்’ என்ற சொல்லோடு ‘அதோடு சரி’ என்ற தீர்ப்பும் ஒட்டிக்கொண்டே வருகிறது. அந்தத் தீர்ப்பை நான் ஏற்கவில்லை. நாடு மாறிய பிறகும் 30 ஆண்டுகள் அவர் செய்துகொண்டிருந்தது ஆபாதானில் ஆரம்பித்த அதே வேலையைத்தான்.

ஆபாதான் ஈரானின் தெற்கே எண்ணெய் சுத்திகரிப்பு ஆலையும் துறைமுகமும் உள்ள ஊர். சின்ன வயதிலேயே பெற்றோரை இழந்து அங்கே வளர்ந்தவர் நாதெரி. படப்பிடிப்புகளில் ஸ்டில் போட்டோகிராபராக வேலை பார்த்து, 1971இல் முதல் படம் எடுத்தார். சிறுவர்களுக்கான கலை நிறுவனமான கானூன் படங்கள் தயாரித்த காலத்தில் பின்னாளில் உலகப் புகழ்பெற்ற ஈரானிய இயக்குநர் கியாரோஸ்தமியும் அவரும் அங்கே ஒன்றாக இருந்தார்கள். கியாரோஸ்தமி 1973இல் எடுத்த ஒரு படத்தின் கதையே நாதெரியுடையது.

‘தி ரன்னர்’ அவருடைய சொந்தச் சிறுவயதுதான். ஆனால் அதை எடுக்கும்போது ஈரான் - ஈராக் போர் நடந்துகொண்டிருந்தது, ஆபாதான் சிதைந்து கிடந்தது. வேறு ஊர்களில் எடுத்து ஒட்டித்தான் திரையில் தன் ஊரை உண்டாக்கினார். ஊரை விட்டுப் போன பிறகு ஒருவர் கற்றுக்கொள்ள வேண்டிய வித்தையை ஈரானுக்குள் இருக்கும்போதே பழகிவிட்டார் என்று இதைத்தான் சொல்வேன்.

அதன் கடைசிக் காட்சியைக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பாருங்கள். பின்னால் எண்ணெய்க் கிணற்று நெருப்பு எரிகிறது. ஒரு பீப்பாய் மேல் பெரிய ஐஸ் பாளம். அதை நோக்கிப் பையன்கள் ஓடுகிறார்கள், ஒருவனை ஒருவன் இழுத்துத் தள்ளுகிறான். ஐஸ் உருகிக்கொண்டே இருக்கிறது. வசனம் வேண்டாம், பின்கதை வேண்டாம், எந்த நாட்டில் காட்டினாலும் புரியும். படம் எடுப்பவருக்குத்தான் அது நரகம். நெருப்புக்கு முன்னால் வைத்த ஐஸ் ஒவ்வொரு டேக்குக்கும் சிறுத்துப்போகும். முன்னால் எடுத்த ஷாட்டில் பெரிதாகவும் அடுத்ததில் சிறியதாகவும் இருந்தால் வெட்டும் இடத்தில் கண் உறுத்தும். அதனால் அந்தக் காட்சியை எப்படியும் ஐஸின் கடிகாரத்துக்குத்தான் எடுத்தாக வேண்டும். அந்தப் படத்தின் எடிட்டர் பஹ்ராம் பெய்சாயி என்பதையும் சொல்லிவிட வேண்டும். வேகத்தைக் கூட்டியும் இழுத்தும் அந்த ஓட்டத்தைக் கட்டியவர் அவர். (பின்னாளில் அவரும் கலிபோர்னியாவுக்குத்தான் போய்ச் சேர்ந்தார்.) 1985இல் பிரான்சின் நாந்த் திரைப்பட விழாவில் படம் முதல் பரிசு வாங்கியது.

ஒரு ஆள். அவன் உடம்பால் செய்யவேண்டிய ஒரு காரியம். அது முடிவதற்குள் தீர்ந்துபோகும் ஏதோ ஒன்று. நாதெரியின் படம் எதை எடுத்தாலும் இந்த மூன்றும் இருக்கும். மொழி தெரியாத ஊரில், கையில் காசு இல்லாமல் படம் எடுக்க இதைவிடப் பொருத்தமான எலும்புக்கூடு கிடையாது.

1993இல் ‘மன்ஹாட்டன் பை நம்பர்ஸ்’. வேலை போன பத்திரிகையாளர் ஒருவர் வாடகைப் பணத்துக்காக நியூயார்க்கின் மன்ஹாட்டன் தீவில் வடக்கிலிருந்து தெற்கே வால் ஸ்ட்ரீட் வரை அலைகிறார். தெரு எண்கள் இறங்க இறங்க அவர் நம்பிக்கையும் இறங்குகிறது. ‘மாரத்தான்’ இன்னும் இறுக்கமானது. ஒரு பெண் 24 மணி நேரத்தில் 77 குறுக்கெழுத்துப் புதிர்களை முடிக்க வேண்டும் என்று சப்வே ரயிலிலேயே சுற்றுகிறாள். இரைச்சல் இருந்தால்தான் அவளுக்கு மூளை ஓடும், அமைதி வந்தால் நின்றுபோகும்.

ரயிலில் படம் எடுக்க ஆசைப்படுபவர்கள் இந்த இடத்தில் நின்று கவனிக்க வேண்டும். ஓடும் ரயிலில் இரண்டு பேர் பேசும் காட்சியை எடுத்தால் ஒவ்வொரு ஷாட்டிலும் பின்னணி இரைச்சல் வேறு வேறாகப் பதிவாகும். ஒன்றில் வளைவில் சக்கரம் கிறீச்சிடும், அடுத்ததில் கதவு திறக்கும். வெட்டினால் ஒவ்வொரு வெட்டிலும் சத்தம் தூக்கிப்போடும். அதற்கு மருந்து, வசனமே இல்லாமல் ஐந்து பத்து நிமிடம் ரயில் சத்தத்தைத் தனியாகப் பதிவுசெய்து காட்சி முழுக்க அடியில் ஓடவிடுவது. நாதெரி பிரச்சினையின் வேரிலேயே கை வைத்துவிட்டார். அவர் கதாபாத்திரம் பேசுவதில்லை, இரைச்சல்தான் கதை. எடிட்டர் சத்தத்தைத் துரத்திக்கொண்டு ஓட வேண்டியதில்லை, சத்தமே வெட்டை நடத்துகிறது.

வெளிச்சமும் அப்படித்தான். பழைய ட்யூப் லைட்டுகள் மின்சாரத்தின் துடிப்போடு சேர்ந்து துடிப்பவை. அமெரிக்காவில் 60 ஹெர்ட்ஸ். நொடிக்கு 24 பிரேமில் எடுக்கும்போது ஷட்டரை (பிலிமுக்கு வெளிச்சம் விடும் சுழல் தகட்டின் திறப்பை) 144 டிகிரியில் வைத்தால் ஒவ்வொரு பிரேமும் ஒரு நொடியில் அறுபதில் ஒரு பங்கு திறந்திருக்கும், துடிப்பு தெரியாது. நம் ஊரில் 50 ஹெர்ட்ஸ், 172.8 டிகிரி. இது தெரியாமல் எடுத்துவிட்டு வந்து திரையில் பார்த்தால் வெளிச்சம் மூச்சு வாங்கிக்கொண்டிருக்கும். பிறகு சரிசெய்வது பெரும்பாடு.

பிலிம் காலத்தின் கணக்கையும் சொல்கிறேன். 16 எம்எம் பிலிமின் 400 அடி ரீல் 11 நிமிடம் ஓடும். 90 நிமிடப் படத்துக்குப் பத்து மடங்கு எடுத்தால் 80 ரீலுக்கு மேல் வேண்டும், ஐந்து மடங்கில் முடித்தால் 41. ஒவ்வொரு ரீலுக்கும் வாங்கும் காசு, கழுவும் காசு, பிரிண்ட் காசு என்று மூன்று முறை பணம் போகும். கூட்டத்துக்கு நடுவே ஒருவர் நடந்துகொண்டே இருக்கும் படத்தில் யாராவது கேமராவை முறைத்துப் பார்த்தாலே ஒரு டேக் காலி. இந்தக் கணக்குக்குள் உட்கார்ந்துதான் ஒருவர் வருடக்கணக்கில் படம் எடுத்தார் என்பதை மறந்துவிட்டு, ‘ஏன் இவ்வளவு குறைவாக எடுத்தார்’ என்று கேட்பது நியாயமில்லை.

இப்போது தலைப்புக்கு வருகிறேன். 1989இல் நாந்தில் மறுபடியும் முதல் பரிசு வாங்கிய ‘வாட்டர், விண்ட், டஸ்ட்’ படத்தில், வறண்டு வெடித்த நிலத்தில் ஒரு பையன் தண்ணீருக்காகத் தோண்டுகிறான். 2008இல் வெனிஸ் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் வந்த ‘வேகஸ்’ படத்தில், சூதாட்டத்தை விட்டு ஒழுங்காக வாழப் பார்க்கும் ஒருவன், புல்தரைக்கு அடியில் பணம் புதைந்திருக்கிறது என்ற பேச்சை நம்பித் தன் வீட்டு முற்றத்தையே தோண்டுகிறான். 2016இல் இத்தாலியில் எடுத்த ‘மோந்தே’வில், தன் நிலத்துக்கு வெயில் வராமல் மறைக்கும் மலையை ஒருவன் சம்மட்டியால் உடைக்கிறான். தண்ணீர், பணம், வெளிச்சம். கையில் இருப்பது எப்போதும் ஏதோ ஓர் இரும்புக் கருவி. இதைப் பார்த்த பிறகும் இவர் ஈரானை விட்டதும் தொலைந்துபோனார் என்று எப்படிச் சொல்ல முடியும்?

தோண்டுவதில் இன்னொரு சங்கதி இருக்கிறது. தோண்டிய புல்தரை திரும்ப வராது. சாதாரணமாக ஒரே லொகேஷனில் நடக்கும் காட்சிகளையெல்லாம் முன்பின்னாக எடுத்துச் செலவைக் குறைப்பார்கள். இங்கே அது நடக்காது, கதை வரிசையிலேயே எடுத்தாக வேண்டும். செடி நின்ற முற்றத்தில் ஒரு ஷாட்டை விட்டுவிட்டால் விட்டதுதான். ஆனால் நடிகருக்கு இது பெரிய வரம். களைப்பை நடிக்க வேண்டியதில்லை, நாளுக்கு நாள் உடம்பில் ஏறிக்கொண்டே வரும்.

ஜப்பானில் எடுத்த ‘கட்’ (2011) படத்துக்கு அந்த ஊர் இயக்குநர் ஷின்ஜி அஓயாமாவை எழுத்தில் சேர்த்துக்கொண்டார். ஹிதெதோஷி நிஷிஜிமா நடித்த பாத்திரம், செத்துப்போன அண்ணனின் கடனை அடைக்க ஒரு குத்துக்கு இவ்வளவு என்று விலை பேசி யாகுசா ரவுடிகளிடம் முகத்தைக் கொடுக்கிறது. மொழி வேறு, ஆனால் எண்ணிக்கையும் உடம்பும் காலக்கெடுவும் அப்படியே. உள்ளூர் எழுத்தாளரைக் கூட வைத்துக்கொள்வது வெறும் மொழிபெயர்ப்புக்காக என்று நினைக்காதீர்கள். கடன் கேட்கும் ஆள் எந்தத் தொனியில் பேசுவான், எப்போது பேசாமலிருப்பான் என்பது வெளியிலிருந்து வருபவருக்குத் தெரியாது. அமெரிக்க இயக்குநர் ரமீன் பஹ்ரானியின் ‘99 ஹோம்ஸ்’ திரைக்கதையில் நாதெரி கைகொடுத்ததும் இதே வேலையின் மறுபக்கம்தான்.

இவரோடு சேர்த்துப் பேச வேண்டிய இன்னொரு ஈரானிய இயக்குநர் சொஹ்ராப் ஷாஹித் சாலெஸ். 1974இல் பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக்கரடி விருது வாங்கியவர், பிறகு மேற்கு ஜெர்மனிக்குக் குடிபோனவர். அங்கே பொதுத் தொலைக்காட்சிகள் படத்துக்குப் பணம் போட்டன, அதனால் தொடர்ந்து எடுக்க முடிந்தது. கடைசியில் 1998இல் சிகாகோவில் இறந்தார். நாதெரிக்கு அமெரிக்காவில் அந்த மாதிரித் தொலைக்காட்சி ஆதரவு கிடையாது. ஒவ்வொரு படத்துக்கும் புதிதாக ஆள் தேடி, புதிதாகப் பணம் தேடி, தேவைப்பட்டால் புது நாட்டுக்கே போனார்.

எனக்கு உண்மையிலேயே கோபம் வருவது இங்கேதான். ஒரு படம் எந்த நாட்டுப் படம் என்பதைத் தயாரிப்பு நிறுவனத்தின் முகவரியை வைத்து முடிவுசெய்கிறார்கள். அதனால் ஈரான் படவரிசைகளில் ‘மாரத்தான்’ வராது, அது அமெரிக்கப் படம். அமெரிக்கச் சுயாதீன சினிமா பேச்சில் இவர் பெயர் வராது, அவர் ஈரானியர். ‘கட்’ ஜப்பான் கணக்கில், ‘மோந்தே’ இத்தாலி கணக்கில். ஒரே மனிதரின் வாழ்நாள் வேலையை நாலு அலமாரிகளில் பிரித்துப் போட்டுவிட்டு, ஆளைக் காணோம் என்கிறார்கள். 2022இல் ‘தி ரன்னர்’ புதுப்பித்த பிரதியாக நியூயார்க்கில் மறுபடி ஓடியது. நல்ல காரியம். அதே அக்கறை பிந்திய படங்களுக்கும் வர வேண்டும்.

பார்க்க நினைப்பவர்கள் ‘தி ரன்னர்’, ‘வேகஸ்’, ‘மோந்தே’ என்ற வரிசையில் பாருங்கள். போன் ஸ்பீக்கரில் வேண்டாம், ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள். ‘மோந்தே’யில் பேச்சு மிகவும் குறைவு. சம்மட்டி பாறையில் விழும் சத்தம் நாள் போகப்போக மாறிக்கொண்டே வருவதைக் காதால் பின்தொடர்ந்தால்தான் அந்தப் படம் திறக்கும்.