ரிஜிஸ்டர் ஆகாத அக்ரிமென்ட்டைக் காட்டி மிரட்டும் பில்டர்கள்

"அக்ரிமென்ட் ரிஜிஸ்டர் ஆகலையே சார், கோர்ட்ல நிக்காது."

ஊரில் ஃபிளாட் புக் செய்துவிட்டு இங்கே சிங்கப்பூரிலிருந்து வாட்ஸ்அப்பில் பில்டரைத் துரத்திக்கொண்டிருக்கும் நம்மவர்கள் பலருக்கு இந்த வசனம் பழகியிருக்கும். உட்லண்ட்ஸில் இருக்கும் என் நண்பருக்குப் போன மாதம் வந்தது. சென்னையில் பழைய மகாபலிபுரம் சாலைப் பக்கம் வீடு. விலையில் பாதிக்கு மேல் கொடுத்தாயிற்று, தூண்கள் எழும்பியதோடு வேலை நின்றுவிட்டது. பில்டர் இப்போது சொல்வது இதுதான்: அசலைத் தவணையாகத் தருகிறேன், வட்டி என்ற பேச்சே வேண்டாம், உங்கள் கையில் இருப்பது வெறும் முத்திரைத்தாள்.

நண்பர் அதை நம்பிவிட்டார். அதனால்தான் இந்தப் பதிவு. நான் வக்கீல் இல்லை, இங்கே ஒரு வக்கீல் அலுவலகத்தில் சொத்துக் கோப்புகளோடு காலம் தள்ளுகிறவன். ஆனால் இந்த விஷயத்தில் சட்டம் அப்படியொன்றும் புதிர் இல்லை.

முதலில், அந்த அக்ரிமென்ட்டைப் பதிவு செய்திருக்க வேண்டியது யார்? 2016-ல் வந்த ரெரா சட்டத்தின் (பில்டர்களை ஒழுங்குபடுத்தும் ரியல் எஸ்டேட் சட்டம்) 13-ஆம் பிரிவு, எழுத்தில் ஒப்பந்தம் போட்டு அதைப் பதிவும் செய்யாமல் விலையில் 10 சதவீதத்துக்கு மேல் வாங்கக்கூடாது என்று பில்டரைத்தான் கட்டிப்போடுகிறது. மீறினால் திட்ட மதிப்பில் 5 சதவீதம் வரை அபராதம். ஆக, பாதிப் பணத்தை வாங்கிக்கொண்டு பதிவு செய்யாமல் விட்டது அவருடைய சட்டமீறல். அதையே எடுத்து நம்மிடம் ஆயுதமாக நீட்டுகிறார். திருடன் பூட்டைக் குறை சொன்ன கதை!

அடுத்து, நீதிமன்றத்தில் நிற்காது என்பது. தமிழ்நாட்டில் 2012-ல் பதிவுச் சட்டத்தைத் திருத்தி, கிரய ஒப்பந்தங்களைக் கட்டாயமாகப் பதிவு செய்ய வேண்டிய பட்டியலில் சேர்த்தார்கள். "செல்லாது" என்ற பேச்சு பரவியது அதை வைத்துத்தான். ஆனால் அதே சட்டத்தின் 49-ஆம் பிரிவில் ஒரு விதிவிலக்கு உண்டு. ஒப்பந்தப்படி எழுதிக்கொடு என்று கேட்கும் வழக்கில் பதிவாகாத ஒப்பந்தத்தையும் சாட்சியமாக எடுத்துக்கொள்ளலாம். 2012 திருத்தத்துக்குப் பிறகும் இந்த விதிவிலக்கு உயிரோடு இருக்கிறதா என்ற கேள்வி ஒரு தமிழ்நாட்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் வரை போனது. இருக்கிறது என்று 2023 ஏப்ரல் 10 அன்று தீர்ப்பு வந்துவிட்டது. இன்னும் பழைய பாட்டையே பாடும் பில்டர்களுக்கு இது தெரியாது என்று நான் நினைக்கவில்லை.

அதற்காக அந்தக் காகிதத்தைக் கிரயப் பத்திரம் போல எண்ணிவிடவும் கூடாது. அதனால் உரிமை மாறாது. பதிவாகாத ஒப்பந்தத்தை வைத்துக் குடியேறினாலும், 2001 திருத்தத்துக்குப் பிறகு அந்த அனுபவத்துக்குச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 53ஏ பிரிவு தரும் பாதுகாப்பு கிடையாது. பெரிய ஓட்டை இன்னொன்று. பதிவாகாதது வில்லங்கச் சான்றில் வராது. அதே வீட்டைப் பில்டர் வேறொருவருக்கு விற்று, அவரும் உங்கள் விவகாரம் தெரியாமல் நல்லெண்ணத்தோடு பணம் கொடுத்துக் கிரயம் வாங்கியிருந்தால், அவரிடமிருந்து வீட்டைப் பிடுங்க முடியாது. பில்டரிடம் பணத்தைத்தான் கேட்கலாம்.

நம்மவர்கள் ஏமாறுவது இங்கேதான் என்று எனக்குத் தோன்றும். சிங்கப்பூரில் கட்டி முடிக்காத கொண்டோ வாங்கினால் முன்பதிவுக்கு 5 சதவீதம், அது போய்ச் சேருவது அந்தத் திட்டத்துக்கென்று இருக்கும் தனிக்கணக்கில். 14 நாளுக்குள் விற்பனை ஒப்பந்தம் வர வேண்டும், ஒப்பந்தமே அரசு வகுத்த படிவம். வாங்குபவரின் வக்கீல் நில ஆணையத்தில் கேவியட் போட்டுவிடுவார், அந்தச் சொத்தை யார் தேடினாலும் உங்கள் உரிமைக்கோரல் கண்ணில் படும். இந்தப் பழக்கத்தோடு ஊர் பில்டரிடம் போய், ஹோட்டல் கண்காட்சியில் காபி குடித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டால்? அங்கே கேவியட்டின் வேலையைச் செய்ய வேண்டியது அந்தப் பதிவுதான். அதைத்தான் "அப்புறம் பாத்துக்கலாம் சார்" என்று தள்ளிப்போடுகிறார்கள்.

சரி, எங்கே போவது? முடிந்த வீட்டை வைத்துக்கொண்டு, விலை ஏறிவிட்டது என்பதற்காக எழுதித்தர மறுக்கிறார் என்றால் சிவில் வழக்கு பொருந்தும். ஒப்பந்தத்தை நிறைவேற்றவைக்கும் சட்டத்தில் 2018-ல் வந்த திருத்தத்துக்குப் பிறகு, அந்த உத்தரவைக் கொடுக்கலாமா வேண்டாமா என்று நீதிபதியின் மனம்போல விடும் நிலை அதில் பெரும்பாலும் போய்விட்டது. ஆனால் என் நண்பரைப் போலத் தூணோடு நிற்கும் கட்டடத்தை நீதிமன்றம் மேற்பார்வை பார்த்துக் கட்டவைக்கும் என்று எதிர்பார்ப்பது வீண். அவருக்கு ரெரா ஆணையம்தான். 18-ஆம் பிரிவின்படி சொன்ன தேதியில் வீடு தராவிட்டால் பணத்தை வட்டியோடு கேட்கலாம். வீடு ஒதுக்கப்பட்டவர் என்பதே போதும், பதிவான ஒப்பந்தம் இருக்க வேண்டும் என்று அந்த வரையறையில் இல்லை. நுகர்வோர் ஆணையமும் திறந்திருக்கிறது. ரெரா இருப்பதால் அந்தக் கதவு மூடவில்லை என்று 2020-ல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. எட்டு வீட்டுக்குள் கட்டும் சின்ன பில்டர்கள் பலர் ரெராவில் பதிவு செய்ய வேண்டியதில்லை. அவர்களிடம் மாட்டியவர்களுக்கு இந்த ஆணையமும் சிவில் கோர்ட்டும்தான் மிச்சம்.

எந்த வாசலுக்குப் போனாலும் பணம் போன தடம் வேண்டும். என்ஆர்இ கணக்கிலிருந்து (வெளிநாட்டில் இருக்கும் இந்தியருக்கான வங்கிக் கணக்கு) போனது தானாகப் பேசும். உண்டியலில், அதாவது வங்கி வழியாக இல்லாமல் ஆள் மூலம் அனுப்பி, மச்சான் ரொக்கமாகக் கொண்டுபோய்க் கொடுத்தது பேசாது. வீட்டுக்கான முன்பணத்தை 20,000 ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்குவது 2015 ஜூன் முதல் வருமான வரிச் சட்டப்படியே தடை. அபராதம் வாங்கியவருக்குத்தான், ஆனால் கொடுத்ததை நிரூபிக்கும் பாடு நமக்கு.

நண்பரிடம் நான் இரண்டு விஷயம் சொன்னேன். பில்டர் நீட்டும் ரத்து ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டாம். "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்ற வரி அதில் இல்லாமல் இருக்காது. இன்னொன்று, காலம். சிவில் வழக்குக்கு மூன்று ஆண்டு. ஒப்பந்தத்தில் தேதி இருந்தால் அந்தத் தேதியிலிருந்து, இல்லையென்றால் அவர் மறுத்தது நமக்குத் தெரிந்த நாளிலிருந்து. "அடுத்த பொங்கலுக்குச் சாவி" என்று அவர் இழுக்கிற ஒவ்வொரு பொங்கலும் அந்த மூன்றில்தான் கழியும்.

வழக்கை ஊரில் தம்பி பார்த்துக்கொள்வார் என்பதால் பவர் எழுதுகிறார். 2021 செப்டம்பர் 16 முதல் சிங்கப்பூரிலும் அப்போஸ்டில் (ஆவணத்தை வெளிநாட்டில் ஏற்கவைக்கும் சான்று) வந்துவிட்டதால் நோட்டரி முன் கையெழுத்திட்டு, சிங்கப்பூர் சட்டக் கழகத்தில் (Singapore Academy of Law) முத்திரை வாங்கினால் போதும். ஆனால் அது இந்தியா போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் அங்கே முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும். தம்பி மறந்துவிடுவார், நினைவூட்டச் சொல்லியிருக்கிறேன்.