எழுநூறு பேர், ஆளுக்குப் பத்து டாலர்

மதத் தொலைக்காட்சி என்றாலே நம்மில் பலருக்கு ஒரு படம் வந்துவிடும்: கண்ணீர், கைதட்டல், திரையின் அடியில் ஓடும் வங்கிக் கணக்கு எண். எனக்கும் அப்படித்தான். ஆனால் இந்த வகைக்கே முன்னோடியாக இருந்த ஒரு குட்டி நிலையத்தின் கதையைப் படித்தபோது, அதன் முதல் சில ஆண்டுகள் மீது மரியாதை வந்தது. பிற்பாடு நடந்தவற்றின் மீது அது வரவில்லை.

இடம் அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலம், போர்ட்ஸ்மவுத். ஆள், பாட் ராபர்ட்சன் என்ற கிறிஸ்தவ ஊழியக்காரர். செனட்டரின் மகன், யேலில் சட்டம் படித்தவர், வக்கீல் தேர்வில் தோற்றவர். கையில் 70 டாலருடன் அந்த ஊருக்கு வந்ததாக அவரே சொல்லிக்கொள்வார். அந்தக் காசுக்கு டிவிப் பெட்டியே முழுசாக வாங்க முடியாது, அவரோ டிவி நிலையம் வாங்கப் போனார்!

அது எப்படிச் சாத்தியமானது என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. அவர் வாங்கியது மூடிக்கிடந்த ஒரு யுஹெச்எஃப் (14 முதல் மேற்பட்ட எண்களில் வரும் அலைவரிசை) நிலையம், 27ஆம் சேனல். அன்றைய பெட்டிகளில் பெரும்பாலானவை 2 முதல் 13 வரையிலான சேனல்களை மட்டுமே பிடிக்கும். அதற்கு மேல் பார்க்கத் தனியாக ஒரு கன்வர்ட்டர் வேண்டும், ஏற்ற ஆன்டெனாவும் வேண்டும். பார்க்க ஆள் இல்லாததால் விளம்பரம் வராது. விளம்பரம் இல்லாமல் 1950களில் இத்தகைய நிலையங்கள் வரிசையாக இழுத்து மூடப்பட்டன. எல்லாப் பெட்டிகளிலும் யுஹெச்எஃப் இருக்க வேண்டும் என்ற சட்டம் 1962இல்தான் வந்தது, புதிய பெட்டிகளுக்கு அது நடைமுறையானது 1964இல். ராபர்ட்சன் ஒளிபரப்பைத் தொடங்கியதோ 1961 அக்டோபர் 1. அதாவது, ஊரில் பலரால் பார்க்கவே முடியாத சேனலில். வியாபாரிகள் வேண்டாம் என்று விட்டுப்போன இடத்தில்தான் ஊழியக்காரருக்கு இடம் கிடைத்தது.

நிலையத்தின் பெயர் டபிள்யூ-ஒய்-ஏ-ஹெச். அமெரிக்காவின் கிழக்குப் பகுதி நிலையங்களுக்கு முதல் எழுத்து டபிள்யூ, அது விதி. மிச்சம் மூன்றும் 'யாவே'யிலிருந்து எடுத்தது. அரசு உரிமத்துக்குள்ளேயே கடவுள் பெயரை நுழைத்த சாமர்த்தியத்தை ரசிக்காமல் இருக்க முடியவில்லை.

1963இல் செலவைச் சமாளிக்க முடியாத நிலை. மாதம் 7,000 டாலர் வேண்டும். 700 பேர் ஆளுக்கு 10 டாலர் கொடுத்தால் போதும் என்று கணக்குப் போட்டு நேரலையில் கேட்டார். பின்னாளில் உலகமே அறிந்த 'தி 700 கிளப்' நிகழ்ச்சிக்குப் பெயர் வந்தது இந்தக் கூட்டல் பெருக்கலிலிருந்துதான். எனக்கு இது நியாயமாகவே படுகிறது. செலவு இவ்வளவு, ஆள் இவ்வளவு, தலைக்கு இவ்வளவு என்று எல்லாம் வெளிப்படை. கொடுப்பவருக்கும் கேட்பவருக்கும் நடுவில் ஒரே ஊர்.

அப்புறம் ஜிம் பேக்கரும் மனைவி டாமி ஃபேயும் வந்தார்கள், பிள்ளைகளுக்குப் பொம்மலாட்டம் காட்ட. 1965இல் நடந்த நிதி திரட்டலில் பேக்கர் கேமரா முன் உடைந்து அழுதார், பணம் வந்து குவிந்தது. அந்த அழுகை பொய் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அழுதால் என்ன நடக்கும் என்பதை அன்று நிலையம் கற்றுக்கொண்டது. 700 பேர் என்ற கணக்குக்கு ஓர் எல்லை இருந்தது, கண்ணீருக்கு அது கிடையாது. பேக்கர் பிறகு விலகித் தனியாக ஒரு சாம்ராஜ்யமே கட்டினார். 1989இல் நிதி மோசடிக்காக அவருக்கு 45 ஆண்டுத் தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீட்டுக்குப் பிறகு அது வெகுவாகக் குறைந்தது என்பது வேறு கதை.

ராபர்ட்சன் பாதை வேறு. 1977இல் சாட்டிலைட்டுக்குப் போனார், நாடு முழுக்கக் கேபிளில் வந்தார். லாபம் ஏறியது. எவ்வளவு என்றால், அவருடைய அமைப்புக்கு இருந்த தொண்டு நிறுவன வரிவிலக்குக்கே ஆபத்து என்று 1990இல் அந்தக் கேபிள் சேனலைத் தனி நிறுவனமாகப் பிரிக்க வேண்டிய அளவுக்கு. 1997இல் அதை 190 கோடி டாலருக்கு விற்றார்கள்.

போர்ட்ஸ்மவுத் நிலையம்? அதை அதற்கு முன்பே, 1989இல் விற்றாயிற்று. புதிய முதலாளி முதலில் மாற்றியவற்றில் ஒன்று பெயர்: டபிள்யூ-ஜி-என்-டி. யாவே போய்விட்டார், 27 என்ற எண் மட்டும் தங்கியது. கேபிள் சேனலை விற்றபோது, யார் வாங்கினாலும் 'தி 700 கிளப்' ஓட வேண்டும் என்று ஒரு நிபந்தனை போட்டிருந்தார்கள். சேனல் டிஸ்னி கைக்குப் போன பிறகும் அது ஓடியது. நிகழ்ச்சிக்கு எழுதிவைத்தது போல ஊருக்கு யாரும் எதையும் எழுதிவைக்கவில்லை. மாதம் பத்து டாலர் கொடுத்த அந்த எழுநூறு பேரிடம் 1989இல் யாராவது ஒரு வார்த்தை கேட்டிருப்பார்களா?