சுவிட்ச்போர்டைச் சுற்றி இருக்கிற அழுக்கு

'ஆர்ட் டைரக்‌ஷன் வேற லெவல்' என்று யாராவது பதிவு போட்டால் கூடவே ஒரு அரண்மனைப் படம் இருக்கும், தூணும் சரவிளக்குமாக. எனக்கு இதில் ரொம்ப நாள் ஆதங்கம்.

'நாயகன்' பார்த்துவிட்டு, தாராவிக்கே போய்த்தான் முழுக்க எடுத்திருக்கிறார்கள் என்று நம்பியவன் நான். அது சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் கலை இயக்குநர் தோட்டா தரணி போட்ட செட் என்று தெரிந்த அன்று கொஞ்சம் ஏமாந்தும் போனேன். அந்தப் படத்துக்கு அவருக்குத் தேசிய விருது, 1996-இல் வந்த 'இந்தியன்' படத்துக்கு இன்னொன்று, 2001-இல் பத்மஸ்ரீ. அரண்மனைக்கு அல்ல, குடிசைக்குக் கிடைத்த விருது என்பதால் அந்த முதல் விருதுமேல் எனக்குத் தனிப் பிரியம்.

ஒரு சின்னப் படத்தில் ஆர்ட் டிபார்ட்மெண்டில் இருபது நாள் எடுபிடியாக இருந்திருக்கிறேன். வாடகை வீட்டுச் சமையலறை செட். பிளைவுட் சுவர் நிறுத்தி, பெயிண்ட் அடித்து, மேடை எல்லாம் போட்டாயிற்று, பார்த்தால் இன்னும் யாரும் பால் காய்ச்சாத வீடு மாதிரி பளிச்சென்று நிற்கிறது. செட் அசிஸ்டென்ட் அண்ணன் ஒருவர் வந்தார். விரலில் எண்ணெயும் கரித்தூளும் தொட்டு சுவிட்ச்போர்டைச் சுற்றித் தேய்த்தார். தினசரி காலண்டரில் கதைப்படி என்ன தேதியோ அதுவரைக்கும் தாளைக் கிழித்தார். கிழித்ததைக் குப்பையில் போடவில்லை, ஒன்றின் பின்பக்கம் மளிகை லிஸ்ட் எழுதி ஆணியில் குத்தினார். அவ்வளவுதான், எனக்கு எங்கள் அத்தை வீட்டு அடுக்களை ஞாபகம் வந்துவிட்டது.

ஹாலிவுட்டில் இந்த வேலைக்குத் தனிப் பெயர் உண்டு, செட் டெக்கரேட்டர். ஆஸ்கர் கொடுத்தால், படத்தின் மொத்தத் தோற்றத்தையும் வடிவமைக்கிற புரொடக்‌ஷன் டிசைனரோடு சேர்த்து அவருக்கும் கொடுப்பார்கள். டான்டே ஃபெரெட்டியும் அவர் மனைவி ஃபிரான்செஸ்கா லோ ஷியாவோவும் மூன்று முறை அப்படிச் சேர்ந்து வாங்கியிருக்கிறார்கள், அவர் டிசைன், இவர் டெக்கரேஷன். நம்மூரில் பெரும்பாலும் எல்லாமே 'ஆர்ட் டிபார்ட்மெண்ட்' என்கிற ஒரே மூட்டைக்குள் போய்விடும். தரணியின் பெயராவது நமக்குத் தெரியும், அவர் போட்ட குடிசைகளுக்குள் அலுமினியப் பாத்திரத்தை எங்கே நசுக்க வேண்டும் என்று முடிவு பண்ணியவர் யார்?

படம் வந்ததும் முதல் நாளே போய், டைட்டில் கார்டில் அந்த அண்ணன் பெயரைத் தேடினேன். இல்லை. அடுக்களைக் காட்சியில் ஹீரோயின் முகம் மட்டும் ஷார்ப்பாகத் தெரிந்தது, பின்னால் எல்லாம் மங்கல். லிஸ்டில் முதலில் இருந்தது உளுந்து அரைக் கிலோ.