தாராமதியாக நடித்த ஓட்டல்காரர்

அண்ணா சாலுங்கேயைப் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் ஒரு நமட்டுச் சிரிப்போடுதான் வரும். முதல் முழுநீள இந்தியப் படத்தின் கதாநாயகி ஓர் ஆண், அதுவும் ஓட்டலில் வேலை பார்த்தவர் என்று சொல்லிவிட்டு அடுத்த துணுக்குக்குப் போய்விடுவார்கள். அந்தச் சிரிப்பில் எனக்கு உடன்பாடு இல்லை.

கதை பலருக்கும் தெரிந்ததே. 'ராஜா ஹரிச்சந்திரா' எடுக்கக் கிளம்பிய தாதாசாகேப் பால்கேவுக்கு, அரிச்சந்திரனின் மனைவி தாராமதியாக நடிக்கப் பெண் கிடைக்கவில்லை. பாலியல் தொழிலில் இருந்தவர்கள்கூட, சினிமா என்றதும் மறுத்துவிட்டார்கள். பம்பாய் கிராண்ட் ரோட்டில் ஓர் ஓட்டலில் மாதம் 10 ரூபாய்க்கு வேலை செய்துகொண்டிருந்த மெலிந்த இளைஞர் அவர் கண்ணில் பட்டார். 15 ரூபாய் தருவதாகச் சொல்லி அழைத்துவந்தார். பெண் வேடக்காரர்களின் மீசையை மழிக்கச் சம்மதிக்கவைப்பது பால்கேவுக்குத் தனிப் பெரும்பாடு. தகப்பன் செத்தால்தானே மீசையை எடுப்பார்கள்? ஐந்து ரூபாய் கூடுதல் சம்பளத்துக்காகக் கிடைத்த வேலை என்று இதைத் தள்ளிவிட முடியாது.

நாடகத்தில் ஸ்திரீபார்ட் போடுகிறவருக்குக் குரல்தான் பாதி பலம். மராத்தி மேடையில் அதே காலத்தில் பால கந்தர்வர் பெண் வேடத்தில் கொடிகட்டிப் பறந்தார். அவருடைய பாட்டுக்கே கூட்டம் கூடியது. பாட்டு எடுபட்டுவிட்டால் தோளும் மணிக்கட்டும் யார் கண்ணுக்குத் தெரியும்? மௌனப் படத்தில் அந்தத் துணை கிடையாது. படப்பிடிப்போ சூரிய வெளிச்சத்தில். இருட்டும் மேடை விளக்கும் மறைக்கிற எதையும் பகல் வெயில் மறைக்காது. 'ராஜா ஹரிச்சந்திரா'வில் இன்று எஞ்சியிருக்கும் காட்சிகளில் அரண்மனைத் தொட்டியில் நீராடும் பெண்கள் அத்தனை பேரும் ஆண்கள். ஈரச் சேலை உடம்போடு ஒட்டிக்கிடக்கிறது. பேச்சும் இல்லாமல் பாட்டும் இல்லாமல், உடம்பை மட்டும் வைத்துக்கொண்டு ஓர் அரசியாக நம்பவைக்க வேண்டும். முன்னால் பார்த்துப் பழகிக்கொள்ள இன்னொரு தாராமதி திரையில் இருந்ததில்லை.

1917இல் வந்த 'லங்கா தகனம்' படத்தில் ராமனும் சாலுங்கேதான், சீதையும் அவரே. இந்தியத் திரையின் முதல் இரட்டை வேடம் என்று இதைத்தான் சொல்கிறார்கள். இலங்கை எரிகிற கதையில் நாயகன் கடலுக்கு அந்தப் பக்கம், நாயகி இந்தப் பக்கம், பால்கே கெட்டிக்காரர்! சீதையின் கைத்தசை புடைத்துத் தெரிந்தது என்று இன்றும் கேலி செய்கிறார்கள். தெரிந்திருக்கலாம். ஆனால் ராமன் திரையில் தோன்றியதும் ஜனங்கள் செருப்பைக் கழற்றினார்கள் என்பதும் அதே படத்தைப் பற்றிய செய்திதான். கேலிக்கு ஆளான கையும் கும்பிடு வாங்கிய கையும் ஒருவருடையவை. முதலாவதை மட்டும் நினைவில் வைத்திருப்பது என்ன நியாயம்?

பெண்களே கிடைக்கவில்லை என்பதும் இல்லை. பால்கேயின் 'மோகினி பஸ்மாசுரன்' படத்தில் கமலாபாய் கோகலேவும் அவர் தாயார் துர்காபாய் காமத்தும் 1913லேயே நடித்துவிட்டார்கள். அதற்குப் பிறகும் நான்கு ஆண்டு கழித்துச் சீதைக்கு சாலுங்கேயைத்தான் பால்கே அழைத்தார் என்றால், வேறு ஆள் கிடைக்காத குறை மட்டும் காரணம் என்று நான் நம்பவில்லை.

பின்னாளில் சாலுங்கே கேமராவுக்குப் பின்னால் போய்விட்டார். 1922இல் 'சத்யநாராயண்', 1923இல் 'புத்ததேவ்' ஆகிய படங்களுக்கு ஒளிப்பதிவாளர் அவர்தான். துணுக்கு எழுதுகிறவர்கள் இந்த இடம் வரை வருவதே இல்லை. வெயில் எதைக் காட்டிக்கொடுக்கும் என்பதைச் சேலை கட்டி நின்று படித்தவர் அவர். அந்தப் படிப்போடு கேமராவைப் பிடித்தவர்கள் அன்று வேறு யார் இருந்தார்கள்?