டாட்டூவை மறைத்து ரத்தம் கொடுக்காதீர்கள்

ரத்தம் கேட்டு வாட்ஸ்அப்பில் செய்தி போட்டால், "அண்ணா, கையில டாட்டூ இருக்கு, நான் குடுக்க முடியாதுல்ல?" என்று ஒரு பதிலாவது வந்துவிடும். முடியும் தம்பி. நம் நாட்டு விதிப்படி பச்சை குத்தி 12 மாதம் ஆகியிருக்க வேண்டும், அவ்வளவுதான். கல்லூரியில் குத்தியதைச் சொல்லி முப்பது வயதிலும் சிலர் ஒதுங்குகிறார்கள். ஊசிக்குப் பயம் என்றும் சொல்ல முடியாது, டாட்டூவையே தாங்கியவர்கள்!

எனக்குக் கவலை இன்னொரு கூட்டத்தைப் பற்றி. போன மாதம் குத்தியதை முழுக்கைச் சட்டைக்குள் மறைத்துக்கொண்டு வருகிறவர்கள். பல நேரம் அது அவர்கள் யோசனைகூட இல்லை. நோயாளியின் சொந்தக்காரர் ரத்த வங்கி வாசலிலேயே, "ஃபார்ம்ல இல்லைன்னு டிக் போட்டுடுங்க, எப்படியும் டெஸ்ட் பண்ணித்தான ஏத்துவாங்க" என்று சொல்லிக்கொடுத்துவிடுவார்.

டெஸ்ட் பண்ணுவார்கள், சரி. எச்ஐவி, ஹெபடைடிஸ் பி, ஹெபடைடிஸ் சி, சிபிலிஸ், மலேரியா ஐந்தும் கட்டாயம். ஆனால் பச்சை குத்தும்போது கிருமி உள்ளே போயிருந்தால், அது அன்றே எந்தச் சோதனையிலும் சிக்காது. ஹெபடைடிஸ் சி கிருமியை எதிர்த்து உடம்பு உண்டாக்கும் ஆன்டிபாடி சோதனையில் தெரியவர இரண்டு மாதத்துக்கு மேலும் ஆகலாம். கிருமியின் மரபணுவையே தேடும் நாட் (NAT) என்ற சோதனை இந்த இடைவெளியை வெகுவாகக் குறைக்கும். அது எல்லா ரத்த வங்கியிலும் இல்லை. கிருமி சோதனையில் தெரியும்வரை அந்த ஃபார்மில் நீங்கள் போடும் டிக்தான் நோயாளிக்குக் காவல். அதுவும் ஒரு பை ரத்தத்தைச் சிவப்பணு, தட்டணு, பிளாஸ்மா என்று பிரித்து மூன்று பேருக்குக்கூட ஏற்றுவார்கள்.

"அமெரிக்காவுல மூணே மாசம்தான்" என்று ஒரு வாதம் வரும். 2020-இல் அங்கே 12 மாதத்தை 3 ஆக்கினார்கள், உண்மை. கடைகளை ஒழுங்குபடுத்தும் மாநிலங்களில், உரிமம் பெற்ற கடையில் குத்தினால் காத்திருக்கவே வேண்டாம். நம் ஊர்த் திருவிழாக் கடையைக் கொஞ்சம் நின்று பாருங்கள். ஊசியை மாற்றினாலும், முந்தைய ஆளுக்குத் தொட்ட அதே மைக் கிண்ணத்தில்தான் அடுத்த ஆளுக்கும் தொடுவார்கள். அந்த மையிலும் ரத்தம் கலந்திருக்கும். இது மாறாதவரை 12 மாதம் அதிகம் என்று நான் சண்டை போட மாட்டேன்.

அப்புறம், காது, மூக்கு குத்தினாலும், அக்குபங்சர் செய்தாலும் இதே 12 மாதம்தான். அலகு குத்துவதையும் நான் இதில்தான் சேர்ப்பேன். கணவனோ மனைவியோ குத்திக்கொண்டிருந்தாலும் இதே கணக்கு. இது பலருக்குத் தெரியாது.

குத்திய தேதியை போனில் குறித்து வையுங்கள். கவுன்டரில் கேட்டால் நேராகச் சொல்லுங்கள். வாசலில் நிற்கும் சொந்தக்காரருக்குப் பதில் சொல்லச் சங்கடமாக இருந்தால், "ஹீமோகுளோபின் கம்மியாம்ணே" என்று அவரிடம் வேண்டுமானால் பொய் சொல்லிக்கொள்ளுங்கள்.