ஹுவானாவைப் பைத்தியக்காரி என்று எழுதாதீர்கள்

மாட்ரிட்டின் பிராடோ அருங்காட்சியகத்தில், பிரான்சிஸ்கோ பிராடில்லா 1877இல் வரைந்த பெரிய ஓவியம் ஒன்று இருக்கிறது. வெட்டவெளி. காற்றில் புகை ஒருபக்கமாகச் சாய்கிறது. கறுப்பு உடையில் ஒரு கர்ப்பிணி, கணவரின் சவப்பெட்டியை வெறித்தபடி நிற்கிறார். ஓவியத்தின் பெயரிலேயே அவரைப் பைத்தியக்காரி என்றுதான் எழுதியிருக்கிறார்கள். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது.

அவர் இன்றைய ஸ்பெயினின் ஒரு பகுதியான காஸ்டில் நாட்டின் அரசி ஹுவானா. தாய் இசபெல்லா 1504இல் இறந்ததும் பட்டத்துக்கு வந்தவர். 1506இல் தந்தை பெர்டினாண்டும் கணவர் பிலிப்பும் கூடிப் பேசி, இவர் ஆளத் தகுதியற்றவர் என்று ஒப்பந்தம் எழுதிக்கொண்டார்கள். அதே ஆண்டு பிலிப் இறந்தார். 1509இல் தந்தை இவரை டோர்டெசில்லாஸ் அரண்மனையில் அடைத்துவைத்தார். தந்தைக்குப் பின் வந்த மகன் சார்லஸும் கதவைத் திறக்கவில்லை. 1555இல் சாகும்வரை அங்கேதான். 46 ஆண்டுகள்!

அவருக்கு நோயே இல்லை என்று நான் வாதாடவில்லை. சாப்பிடவும் குளிக்கவும் மறுத்திருக்கிறார். தாய்வழிப் பாட்டியும் மனநோயோடு அரேவலோவில் ஒதுங்கி வாழ்ந்தவர்தான். ஆனால் அடைபட்டவருக்குச் சோற்றை மறுப்பதைவிட வேறு என்ன வழி இருந்தது?

1518இல் நடந்ததைப் பாருங்கள். கடைசி மகள் கத்தரீனா அவரோடுதான் வளர்ந்தாள். அவளை வெளியே கொண்டுபோக நினைத்த சார்லஸ், இரவோடு இரவாகச் சுவரில் துளை போட்டுத் தூக்கிவரச் செய்தார். விடிந்ததும் மகளைக் காணாத தாய், அவள் திரும்பி வரும்வரை உண்ணவும் உறங்கவும் மாட்டேன் என்றார். மகன் பணிந்து, தங்கையைத் திருப்பி அனுப்பினார். பெற்ற பிள்ளைக்காகப் பட்டினி கிடந்தவளை எந்த வாயால் பைத்தியம் என்பது?

1520இல் சார்லஸின் ஆட்சியை எதிர்த்த கிளர்ச்சிக்காரர்கள் டோர்டெசில்லாஸைக் கைப்பற்றி, கையெழுத்திடுங்கள், ஆட்சி உங்களுடையது என்று மன்றாடினார்கள். அவர் கையெழுத்திடவில்லை. மகனின் அரியணை பிழைத்தது. அந்த மகன் அவரை மறுபடியும் அதே காவலில் வைத்தார். காவலுக்குப் பொறுப்பான டெனியா பிரபுவோ, 1516இலேயே இறந்துபோன தந்தை உயிரோடு இருப்பதாகவே அவரிடம் சொல்லிவந்தவர். இப்படிப் பொய்களுக்கு நடுவே பூட்டிவைத்தால் நம்மில் யாருடைய புத்தி நேராக இருக்கும்?

ஸ்பெயினின் ஆட்சியில் இருந்த மெக்சிகோவில் 1536இலிருந்து வெள்ளிக் காசு அடித்தார்கள். அதில் சார்லஸின் பெயரோடு ஹுவானாவின் பெயரும் இருக்கிறது. கடல் கடந்த சந்தைகளில் அந்தப் பெயர் கைமாறிக்கொண்டிருந்த அத்தனை ஆண்டுகளும், அவர் அந்த அறைகளிலேயே இருந்தார்.