சித்தாளின் கையில் கரண்டி

தமிழ்நாட்டில் ஒரு வீடு எழும்பும்போது, அஸ்திவாரக் குழியில் ஜல்லி கொட்டுகிற நாள் தொடங்கி, குடிபுகுவதற்கு முன் தரையில் ஒட்டிய சிமெண்டைச் சுரண்டிக் கழுவுகிற நாள் வரை, பெண்களின் உழைப்பு இல்லாத வேலை நாள் ஒன்றைக் காட்டுவது கடினம். அப்படியிருந்தும், அந்த வீட்டின் சுவரில் ஒரே ஒரு செங்கல்லை நூல் பிடித்து வைக்கும் வாய்ப்புக்கூட அந்தப் பெண்களில் எவருக்கும் பெரும்பாலும் கிடைப்பதில்லை. மணல் சுமக்கலாம், கல் சுமக்கலாம், கலவை சுமக்கலாம்; கரண்டியை மட்டும் பிடிக்கக் கூடாது. பணியிடப் பாகுபாடு என்றதும் நாம் பெரும்பாலும் அலுவலகங்களில் மறுக்கப்படும் பதவி உயர்வுகளைப் பற்றிப் பேசுகிறோம். அதுவும் பேசப்பட வேண்டியதுதான். ஆனால் திறந்தவெளியில், எல்லோர் கண் முன்னாலும், தலைமுறை தலைமுறையாக நடக்கும் ஒரு பாகுபாடு நம் கண்ணுக்கு இயல்பாகிப் போயிருப்பது என்னை நெடுநாளாக வருத்தி வருகிறது.

கட்டுமானப் பொறியாளராகத் திருச்சி, தஞ்சை வட்டாரங்களில் வேலை பார்த்து வருகிறேன். நான் வேலை பார்க்கும் இடங்களில் இப்போது கொத்தனாருக்கு நாளொன்றுக்கு 1,100 ரூபாய், ஆண் கையாளுக்கு 850 ரூபாய், சித்தாளுக்கு 600 ரூபாய் என்பதுதான் நடப்புக் கூலி. ஊருக்கு ஊர் ஐம்பது, நூறு கூடலாம், குறையலாம். யார் மேலே, யார் கீழே என்ற வரிசை மட்டும் நான் பார்த்த எந்த ஊரிலும் மாறவில்லை. கொத்தனாருக்கும் சித்தாளுக்கும் இடையிலான வித்தியாசத்தைக் கைத்திறனுக்கான கூலி என்று சொல்லிவிடலாம். ஆனால் கையாளும் சித்தாளும் செய்வது ஒரே மாதிரியான உதவி வேலைதானே, அவர்களுக்கு நடுவே உள்ள 250 ரூபாய் எதற்காக என்று கேட்டால், எல்லா மேஸ்திரிகளும் சொல்லும் பதில் ஒன்றுதான்: "ஆம்பளை ஆளு சிமெண்ட் மூட்டை தூக்குவான் மேடம், பொம்பளை தூக்குவாளா?"

இந்தப் பதிலைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். சிமெண்ட் மூட்டை 50 கிலோ. சாதாரண பூச்சு வேலை நடக்கும் ஒரு நாளில் ஒரு கையாள் நாலைந்து மூட்டைகளைக் கொட்டகையிலிருந்து கலவை போடும் இடத்துக்குக் கொண்டுவருவார். அது கடினமான வேலை என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அந்த மூட்டைகளோடு சேரும் மணலையும், சேர்ந்து உருவாகும் மொத்தக் கலவையையும் சட்டி சட்டியாக மாடிக்கு ஏற்றுவது யார்? ஈரக் கலவை நிரம்பிய ஒரு சட்டி இருபது கிலோவுக்குப் பக்கத்தில் இருக்கும். காலையிலிருந்து மாலை வரை அப்படி எத்தனை சட்டிகளை ஒரு பெண் தலையில் ஏற்றி, கைப்பிடி இல்லாத படிகளில் ஏறி இறங்குகிறார் என்று எண்ணிப் பார்த்தால், மூட்டை தூக்கும் ஆணைவிட அவர் நாள் முழுவதும் சுமக்கும் எடை பல மடங்கு கூடுதலாக இருக்கும். ஒரே மூச்சில் தூக்கும் பெரிய பாரம் உழைப்பாகக் கணக்கில் வருகிறது. நாள் முழுக்க விடாமல் தூக்கும் சிறிய பாரம் கணக்கில் வருவதில்லை.

தளம் போடும் நாளைப் பார்த்தவர்களுக்கு இது இன்னும் நன்றாகப் புரியும். கலவை இயந்திரம் ஓடத் தொடங்கிவிட்டால் நடுவில் நிறுத்த முடியாது. நிறுத்தினால் பழைய கான்கிரீட்டும் புதிய கான்கிரீட்டும் ஒட்டாமல் தளத்தில் விரிசல் விழும். அதனால் சாரத்தின் ஒவ்வொரு தட்டிலும் ஆள் நின்று, கைக்குக் கை சட்டி மாற்றி, கீழிருந்து மேலே கான்கிரீட் போய்க்கொண்டே இருக்கும். அந்த வரிசையில் ஆணும் பெண்ணும் அடுத்தடுத்து நிற்பார்கள். ஒரே சட்டி, ஒரே எடை, ஒரே வேகம். ஆணின் கையிலிருந்து பெண்ணின் கைக்கும், பெண்ணின் கையிலிருந்து அடுத்த ஆணின் கைக்கும் அது மாறிப் போகும். மாலையில் பட்டுவாடா நடக்கும்போது மட்டும் அந்தச் சட்டிக்கு இரண்டு விலை.

இவ்வளவுக்கும் வேலை நேரம் சமமா என்றால், அதுவும் இல்லை. கொத்தனார் ஒன்பது மணிக்கு வந்து கரண்டியை எடுக்கும்போது மணல் சலித்து, செங்கல் நனைத்து, நேற்றுக் கட்டிய சுவருக்குத் தண்ணீர் விட்டு, கலவைக்கு எல்லாம் தயாராக இருக்க வேண்டும். மாலையில் அவர் கை கால் கழுவிய பிறகும் சட்டிகளையும் கரண்டிகளையும் கழுவி அடுக்கி, சிந்திய கலவையைக் கூட்டி அள்ளிவிட்டுத்தான் சித்தாள் வீட்டுக்குப் போக முடியும். இந்த முன்னும் பின்னுமான நேரத்துக்குத் தனிக் கூலி இல்லை. அது பெண்ணின் வேலைதான் என்று எல்லோரும் எடுத்துக்கொள்கிறார்கள்.

சம வேலைக்குச் சம ஊதியம் என்பது அரசியல் சட்டத்தின் 39-ஆம் பிரிவில் உள்ள நெறி. ஆண் பெண் இருவருக்கும் ஒரே வேலைக்கும் ஒத்த தன்மையுள்ள வேலைக்கும் ஒரே ஊதியம் தர வேண்டும் என்று 1976-இல் சம ஊதியச் சட்டம் வந்தது. அது இப்போது 2019-ஆம் ஆண்டின் ஊதியச் சட்டத் தொகுப்புக்குள் அடங்கிவிட்டது. இந்தக் கொள்கை உச்ச நீதிமன்றத்தில் அழுத்தமாகப் பேசப்பட்ட வழக்குகளுள் ஒன்று கட்டுமானத் தொழிலாளர்களைப் பற்றியது என்பது பலருக்குத் தெரியாது. 1982-இல் டெல்லி ஆசிய விளையாட்டுப் போட்டிகளுக்காக மைதானங்களும் மேம்பாலங்களும் கட்டப்பட்டபோது, அங்கே வேலை செய்த பெண்களுக்கு நாளொன்றுக்கு 7 ரூபாய் மட்டுமே கைக்குக் கிடைத்தது. அன்றைய குறைந்தபட்சக் கூலியோ 9 ரூபாய் 25 காசு. மீதியை ஆள் பிடித்து வரும் ஜமாதார்கள் எடுத்துக்கொண்டார்கள். மக்கள் ஜனநாயக உரிமைகள் சங்கம் எழுதிய ஒரு கடிதத்தையே மனுவாக ஏற்று விசாரித்த நீதிபதி பகவதி தலைமையிலான அமர்வு, குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே கொடுத்து வேலை வாங்குவது அரசியல் சட்டத்தின் 23-ஆம் பிரிவு தடை செய்யும் கட்டாய உழைப்பே என்றும், சம ஊதியச் சட்டத்தை மீறுவது சமத்துவ உரிமையையே மீறுவதாகும் என்றும் தீர்ப்பளித்தது. வேலையை ஒப்பந்தக்காரரிடம் விட்டுவிட்டோம், எங்களுக்குப் பொறுப்பில்லை என்று அரசு அமைப்புகள் ஒதுங்கிக்கொள்ள முடியாது என்பதும் அந்தத் தீர்ப்பில் இருக்கிறது.

அந்தத் தீர்ப்பு வந்து நாற்பது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. ஒரு சித்தாள்கூட அதன் பெயரால் தன் மேஸ்திரியிடம் 250 ரூபாய் கேட்டதாக நான் அறிந்ததில்லை. கேட்டால் மறுநாள் வேலைக்குக் கூப்பிட மாட்டார்கள் என்பது முதல் காரணம். பெண்ணுக்குக் கூலி எவ்வளவு என்பதற்கு எழுத்தில் எந்தப் பதிவும் இல்லை என்பது இரண்டாவது காரணம். கணவனும் மனைவியுமாக வேலைக்கு வரும் இடங்களில் நிலைமை இன்னும் மோசம். இருவர் கூலியும் சேர்த்துக் கணவன் கையில்தான் கொடுக்கப்படுகிறது. தன் உழைப்புக்கு என்ன விலை போட்டார்கள் என்பதுகூட அந்தப் பெண்ணுக்குச் சரியாகத் தெரியாமல் போகிறது.

ஆனால் இந்தக் கூலி வித்தியாசம் முழுவதும் நாளையே ஒழிந்தால்கூட அநீதியின் பெரிய பகுதி அப்படியே இருக்கும் என்பதுதான் நான் முக்கியமாகச் சொல்ல விரும்புவது. கையாளாக வரும் இருபது வயதுப் பையன் கையாளாகவே இருந்துவிடுவதில்லை. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு கொத்தனார் கண் அயரும் நேரத்தில் அவன் கரண்டியை எடுத்துப் பார்க்கிறான். கண்ணுக்குத் தெரியாத இடங்களில், பரணின் உட்பக்கத்திலோ, தொட்டியின் வெளிச்சுவரிலோ பூசிப் பழக அவனை விடுகிறார்கள். கோணலாகப் போனால் திட்டு வாங்கிக்கொண்டு திருப்பிப் பூசுகிறான். சில ஆண்டுகளில் அவன் கொத்தனார். இன்னும் சில ஆண்டுகளில் சொந்தமாக ஆள் வைத்து வேலை எடுக்கும் மேஸ்திரி. அவனுக்குக் கலவை எடுத்துக் கொடுத்த பெண், அதே காலம் முழுவதும் அவனுக்கு அருகிலேயே நின்று ஒவ்வொரு அசைவையும் பார்த்த பெண், ஐம்பது வயதில் முழங்கால் தேய்ந்து வேலையை விடும் நாள் வரை சித்தாள்தான். இந்தத் தொழிலில் பள்ளிக்கூடம் கிடையாது, பக்கத்தில் நின்று பார்த்துக் கற்பதுதான் பாடம். அந்தப் பாடம் முழுவதையும் பெண்கள் பார்க்கிறார்கள். தேர்வு எழுத மட்டும் விடுவதில்லை.

ஒரு தளத்தில் எனக்குப் பழக்கமான ஒரு மூத்த சித்தாள் இருந்தார். சாரத்துக்குக் கீழே நின்று மேலே பார்த்தபடி, "தம்பி, மேற்குப் பக்கம் ரெண்டு நூலு வெளிய தள்ளுது, குண்டு விட்டுப் பாரு" என்று கொத்தனாரிடம் சொல்வார். சுவர் நேராக நிற்கிறதா என்று காட்டும் தூக்குக்குண்டை விட்டுப் பார்த்தால், அவர் சொன்ன இரண்டு நூல், அதாவது கால் அங்குலம், அப்படியே தள்ளியிருக்கும். நீங்களே ஏன் கட்டக்கூடாது அக்கா என்று கேட்டேன். "தெரியாமலா இருக்கு கண்ணு? வீட்டுல அடுப்புத் திண்ணை, படிக்கட்டெல்லாம் நானே கட்டிப் பூசுனதுதான். இங்க கரண்டியத் தொட்டா மேஸ்திரி சத்தம் போடுவாரு. எனக்குக் கீழ நின்னு எந்தப் பயலாவது கலவை எடுத்துக் குடுப்பானா?" என்றார்.

அவருடைய கடைசிக் கேள்வியில் விஷயம் முழுவதும் இருக்கிறது. சேலை கட்டிக்கொண்டு சாரத்தில் ஏற முடியாது, உடம்பு தாங்காது, கணக்குப் புரியாது என்று சொல்லப்படும் காரணங்கள் எவையும் நிற்காது. சேலையோடுதான் அவர்கள் அதே சாரத்தில் தலைச்சுமையுடன் ஏறுகிறார்கள். பூச்சு வேலைக்கும் கட்டு வேலைக்கும் வேண்டியது பொறுமையும் கைப்பக்குவமும். சுமை தூக்குவதைவிட உடலுக்கு அது இலகுவான வேலை. பாரமான வேலை பெண்ணுக்கு ஆகாது என்று சொல்லிக்கொண்டே அதிக பாரமான வேலையையே குறைந்த கூலிக்கு அவளிடம் கொடுத்து வைத்திருக்கிறோம். உண்மையான தடை, ஒரு பெண்ணின் ஏவலில் ஆண் வேலை செய்ய நேர்வதை இந்தத் தொழிலில் இருப்பவர்களால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை என்பதே.

பெண்களால் முடியும் என்பதற்கு நாட்டுக்கு வெளியே தேடிப் போக வேண்டியதில்லை. கேரளத்தில் குடும்பஸ்ரீ அமைப்பின் பெண்கள் கட்டுமானக் குழுக்களாகச் சேர்ந்து அஸ்திவாரம் முதல் பூச்சு வரை வீடுகளைக் கட்டி முடித்திருக்கிறார்கள். ஜார்க்கண்டில் தூய்மை இந்தியா திட்டத்தின்போது கழிப்பறை கட்டக் கொத்தனார்கள் போதாமல் கிராமத்துப் பெண்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள். 'ராணி மிஸ்திரி' என்ற பெயரோடு அவர்கள் ஊர் ஊராகக் கட்டினார்கள். ஆள் பற்றாக்குறை வந்தபோது தடை தானாக விலகியது. அப்படியானால் அந்தத் தடை உடலில் இருந்ததில்லை.

வேலைத்தளமே பெண்ணை வெளியே தள்ளுவதையும் சொல்ல வேண்டும். 1996-ஆம் ஆண்டுக் கட்டடத் தொழிலாளர் சட்டம், ஐம்பதுக்கு மேற்பட்ட பெண்கள் வேலை செய்யும் இடத்தில்தான் குழந்தைகள் காப்பகத்தைக் கட்டாயமாக்கியிருந்தது. ஒரு வீட்டு வேலையில் நாலைந்து பெண்கள் இருப்பார்கள். எனவே மணல் குவியலுக்குப் பக்கத்தில் தொட்டில் கட்டுவதைத் தவிர அவர்களுக்கு வழியில்லை. ஆனால் 2005-ஆம் ஆண்டின் ஊரக வேலை உறுதிச் சட்டம், ஆறு வயதுக்குட்பட்ட ஐந்து குழந்தைகள் வந்தாலே அவர்களைப் பார்த்துக்கொள்ள ஒரு பெண்ணை அமர்த்தி, அவருக்கும் கூலி தர வேண்டும் என்றது. அந்தத் திட்டத்தில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி. 2024-25-இல் தமிழ்நாட்டுக்கு அது 319 ரூபாய். கட்டட வேலையைவிடக் குறைந்த கூலிதான். இருந்தும் தமிழ்நாட்டில் அதில் வேலை செய்தவர்களில் பத்தில் எட்டுப் பேருக்கு மேல் பெண்கள். சொந்த ஊரிலேயே வேலை என்பதும் ஒரு காரணம்தான். ஆனாலும் சமமாக நடத்தப்படும் இடத்துக்குப் பெண்கள் திரண்டு வருவார்கள் என்பதை அது காட்டியது.

இதை இப்போது எழுதக் காரணம் உண்டு. கலவை வண்டியும் பம்பும் சிறு நகரங்களுக்கும் வந்துவிட்டன. கீழே நின்று குழாய் வழியாக மூன்றாம் மாடிக்குக் கான்கிரீட் ஏற்றுகிறார்கள். செங்கல் ஏற்றக் கப்பியும் மோட்டாரும் இருக்கின்றன. முன்பு பத்துப் பதினைந்து பெண்கள் நின்ற தளம் போடும் வேலையில் இன்று இரண்டு பேர் நிற்கிறார்கள். தலைச்சுமை ஒழிவது நல்லதுதான்; எந்த மனிதரின் கழுத்தும் அதற்காகப் படைக்கப்பட்டதில்லை. ஆனால் இயந்திரத்தால் போகும் வேலை சித்தாளின் வேலை. மிஞ்சி நிற்கும் வேலை கரண்டி பிடிப்பவரின் வேலை. மேலே ஏறவிடாமல் நிறுத்தி வைக்கப்பட்டவர்களின் காலடியில் இருந்த படியும் இப்போது போய்க்கொண்டிருக்கிறது.

ஆகவே என் கோரிக்கை அரசிடமும் கட்டுமானத் தொழிலாளர் நல வாரியத்திடமும் முதலில் இருக்கிறது. நல வாரியத்தில் சித்தாளாகப் பதிவு செய்துள்ள பெண்களுக்குக் கொத்து வேலை, பூச்சு, டைல்ஸ் பதித்தல் ஆகியவற்றில் பயிற்சி தர வேண்டும். பயிற்சி நாள்களில் இழக்கும் கூலியை முழுமையாக ஈடு செய்யவும் வேண்டும். பயிற்சிச் சான்றிதழ் மட்டும் போதாது. அதை வைத்துக்கொண்டு எந்த மேஸ்திரியும் வேலை தரமாட்டார். அரசு கட்டும் பள்ளிச் சுற்றுச்சுவர், அங்கன்வாடி, தொகுப்பு வீடு போன்ற வேலைகளில் ஒரு பகுதியைப் பெண் கொத்தனார்கள் உள்ள குழுக்களுக்கே தர வேண்டும் என்று ஒப்பந்த விதியிலேயே எழுத வேண்டும். வீடு கட்டுபவர்களும் செய்யக்கூடியது உண்டு. மேஸ்திரியிடம் வேலையைப் பேசும்போதே கையாளுக்கும் சித்தாளுக்கும் ஒரே கூலி என்று பேசி எழுதுங்கள். பெண்ணின் கூலியைப் பெண்ணின் கையிலோ, அவருடைய வங்கிக் கணக்கிலோ கொடுங்கள். வேலை தொடங்கும் முன்பே, தாழ்ப்பாள் உள்ள ஒரு தற்காலிகக் கழிப்பறையைப் போட்டுக் கொடுங்கள். உங்கள் வீட்டுச் சுற்றுச்சுவரையாவது அங்கே வேலை செய்யும் ஒரு பெண் கட்டட்டும் என்று மேஸ்திரியிடம் சொல்லிப் பாருங்கள். பணம் கொடுப்பவர் சொன்னால் அவர் கேட்பார்.